தஹ்சீன் ஒட்டிய ஜன்னல்

பழைய வண்ணாரப்பேட்டை எம்.சி. ரோட்டில் ஒரு புடவைக் கடையின் மாடிப்படிக்குக் கீழே சின்னதாக ஒரு கடை இருக்கிறது. உள்ளே ஒருவர் உட்கார்ந்தால் முழங்கால் வெளியே நீட்டிக்கொண்டிருக்கும். செல்போன் உறை, சார்ஜர் ஒயர், திரைக்கு ஒட்டும் டெம்பர் கண்ணாடி, அவ்வளவுதான் சரக்கு. பதினோரு வருடமாக அதில் உட்கார்ந்திருப்பவர் தஹ்சீன் அக்கா. வீடு கல்மண்டபத்துக்கு அந்தப் பக்கம், எங்கள் கட்டடத்தில் மூன்றாவது மாடி. நான் இரண்டாவது.

டெம்பர் ஒட்டும்போது அக்கா மூச்சை அடக்கிக்கொள்வார். ஒரு தூசி பறந்து வந்து நடுவில் உட்கார்ந்துவிட்டால் எல்லாம் போச்சு. அந்தக் கொஞ்ச நேரம் அவரிடம் யாரும் பேசக் கூடாது. பேசினால் பதில் வராது. கண் மட்டும் உயர்ந்து ஒரு பார்வை பார்க்கும். கல்யாணப் புடவை எடுக்க வந்த கூட்டம் அந்தப் படிக்கட்டில் எவ்வளவு கத்தினாலும், அக்காவின் எதிரே நிற்கிறவர் தானும் மூச்சை அடக்கிக்கொண்டு நிற்பதை நான் பார்த்திருக்கிறேன். "ஒரு பபுள் கீதுன்னு காட்டு, பிச்சிட்டு வேற ஒட்டித் தரேன்" என்பார். யாரும் காட்டியதில்லை.

அவர் கணவர் ரஹீம் பாய்க்குத் துறைமுகத்தில் வேலை. கப்பலில் அடுக்கிய கண்டெய்னர்கள் கடலில் ஆடிச் சரியாமல் இருக்க இரும்புக் கம்பிகளால் இழுத்துக் கட்டுகிற வேலை. ஐந்தாறு பெட்டி உயரத்தில் நின்று வேலை செய்தவர், விழுந்தது எங்கள் கட்டடத்தின் மூன்றே மூன்று படிக்கட்டில். போன ரமலான் மாதத்தில் மசூதியிலிருந்து நோன்புக் கஞ்சி வாங்கிக்கொண்டு அவசரமாக ஏறியிருக்கிறார். யாரோ துடைத்துவிட்டுப் போன ஈரம். சத்தம் கேட்டு நான் ஓடியபோது பாய் ஒருக்களித்துக் கிடந்தார். முகமெல்லாம் வேர்த்துக் கொட்டியது. தூக்குவாளியை மட்டும் ஒரு கையால் உயர்த்திப் பிடித்திருந்தார்.

"மொதல்ல இத்த வாங்கு தம்பி. ஒரு சொட்டு சிந்தல" என்றார்.

இடுப்பு எலும்பு முறிந்திருந்தது. ஆபரேஷன் செய்தார்கள். தையல் போட்ட இடத்தில் சீழ் வைத்துவிட்டதால் மறுபடியும் ஒரு ஆபரேஷன். ஆறு மாதம் கட்டிலை விட்டு இறங்கக் கூடாது என்று சொல்லி அனுப்பினார்கள். மீஞ்சூரில் கட்டிக் கொடுத்த மகள் ஃபரா வந்து தன்னோடு அழைத்துப்போவதாகச் சொன்னாள். பாய் ஒப்பவில்லை. காரணம் கேட்டதற்கு ஜன்னலைக் காட்டினார்.

அந்த வீட்டில் ஒரே அறை. கடல் பக்கச் சுவரில் நாலடி அகலம், மூன்றடி உயரத்துக்கு ஒரே கண்ணாடியாகப் பதித்த ஜன்னல். காற்று வருவதற்கு அதன் பக்கத்திலேயே சின்னதாக இரண்டு திறப்புகள். மூன்றாவது மாடிக்கு யார் ஏறி வரப்போகிறார்கள் என்று கட்டிய காலத்தில் கம்பிகூட வைக்கவில்லை. அதை ஒட்டித்தான் கட்டில் போட முடியும். வேறு எங்கே போட்டாலும் கதவு திறக்காது. படுத்தபடியே பார்த்தால் பனைமரத்தொட்டிப் பகுதியின் மொட்டை மாடிகளுக்கு அப்பால் கடலும், துறைமுகத்துக்குள் போக முறை காத்து நங்கூரமிட்ட கப்பல்களும் தெரியும். பாய் பகல் முழுக்க அவற்றைப் பார்த்துக்கொண்டிருந்தார். மாலையில் அக்கா வந்து கால் கழுவுவதற்குள் செய்தி ஆரம்பித்துவிடும். "அந்த செவப்பு கப்பலு இன்னிக்கும் உள்ள போவல. நாலு நாளாச்சு. பாவம், அதுல கீற பசங்க இன்னா துன்றானுங்களோ." அக்கா சோறு போட்டுக்கொண்டே, பார்க்காத அந்தக் கப்பல்காரர்களுக்காக உச்சுக்கொட்டுவார்.

ஆகஸ்ட் மாதக் கடைசியில் ஒரு நாள் மாலை நான்கு மணிக்குத் திடீரென்று இருட்டிக்கொண்டு காற்று அடித்தது. மழைக்கு முன்னால் வருகிற முரட்டுக் காற்று. எதிர் மாடியில் தகரக் கூரைக்குப் பாரம் வைத்திருந்த செங்கல் துண்டு ஒன்று அதோடு பறந்து வந்து பாயின் ஜன்னலைத் தாக்கியது. கண்ணாடி முழுவதும் உள்ளே, கட்டில்மேலேயே கொட்டியது.

கடையில் இருந்த அக்கா, காற்றைப் பார்த்ததும், காயப்போட்ட துணியை உள்ளே எடுக்க முடியாதே, பாய் கவலைப்படுவாரே என்று சும்மா போன் அடித்தார். எடுக்கவில்லை. மறுபடியும் அடித்தார். கட்டிலுக்குக் கீழே விழுந்திருந்த போன் அடித்துக்கொண்டே இருந்தது. பத்தாவது தடவைக்குப் பிறகு அக்கா கடையை மூடாமலேயே ஓடி வந்துவிட்டார். கல்மண்டபம் வரைக்கும் ஆட்டோ, அப்புறம் மழையில் ஓட்டம்.

பாய் அசையாமல் படுத்திருந்தார். அசைந்தால் குத்தும். மார்புமேல், தலையணைமேல், கழுத்துப் பள்ளத்தில்கூடக் கண்ணாடித் துண்டுகள். முன்கையில் நீளமாக ஒரு கீறல், ரத்தம் உறைந்திருந்தது. மழை உள்ளே அடித்து அவர் முழுக்க நனைந்திருந்தார்.

"இன்னாமே இவ்ளோ சீக்கிரம் வந்துட்ட? யாவாரம் இல்லியா?" என்று கேட்டார்.

அக்கா மூச்சை அடக்கிக்கொண்டு ஒவ்வொரு துண்டாக எடுக்க ஆரம்பித்தார். நானும் உதவிக்குப் போனேன். ஒரு மணி நேரம் ஆயிற்று.

மறுநாள் வீட்டுக்காரர் சவரிநாதன் முட்டி வலியோடு மூன்று மாடி ஏறி வந்தார். கீழ்த்தளத்தில் இருப்பவர், நல்ல மனுஷன், ஆனால் எதற்கும் ஒரே வைத்தியம்தான் அவருக்குத் தெரியும்.

"தங்கச்சி, தகரம் ஒண்ணு வெச்சி அடிச்சிடலாம். அப்பால எந்தக் காத்துக்கும் பயம் இல்ல."

"அண்ணே, இவரு நாள் பூரா சொவத்தையா பார்த்துகினு இருப்பாரு?"

"உசுரு முக்கியமா, வேடிக்க முக்கியமா?"

பாய், ஓட்டையாக இருந்த ஜன்னலில் கட்டிய தார்ப்பாயைப் பார்த்தபடி, "அடிச்சுக்கலாம் அண்ணே, பரவால்ல" என்றார். அதைச் சொன்ன குரல்தான் அக்காவை உலுக்கிவிட்டது. இரண்டு ஆபரேஷனிலும் பாய் அந்தக் குரலில் பேசியதில்லை.

"ஒரு வாரம் டைம் குடுங்கண்ணே. தகரம் வாணாம், நான் பார்த்துக்கறேன்" என்றார் அக்கா.

என்ன பார்த்துக்கொள்வது என்று அவருக்கே அப்போது தெரியாது. கண்ணாடி விற்கிற தாமஸிடம் போனார். உடைந்தாலும் குத்தாத கண்ணாடி இருக்கிறது, ஆனால் அந்தக் கனம் இந்தப் பழைய மரச்சட்டத்தில் உட்காராது, சட்டத்தையே பெயர்த்து மாற்றவேண்டும் என்றான் தாமஸ். சாதாரணக் கண்ணாடியே போட்டு, உள்பக்கம் கனமான சேஃப்டி ஃபிலிம் ஒட்டிவிடலாம் என்றும் சொன்னான். கண்ணாடி உடைந்தாலும் துண்டுகள் அந்த ஃபிலிமைப் பிடித்துக்கொண்டு நிற்கும், ஆள்மேல் கொட்டாது. ஒட்டுவதற்கு ஆள் அனுப்பட்டுமா என்று கேட்டான்.

"ஒட்றதுக்கு ஆளா? எனக்கா?" என்றார் அக்கா. ஃபிலிமைச் சுருட்டி வாங்கிக்கொண்டு வந்துவிட்டார்.

தாமஸின் ஆட்கள் புதுக் கண்ணாடி பதித்துவிட்டுப் போன செவ்வாய்க்கிழமை, அக்கா கடைக்கு லீவு போட்டார். ஜன்னலைத் துடைத்தார், ஃபிலிமை வெட்டினார், அதன் முதுகில் இருந்த மெல்லிய தாளைப் பிரித்தார். செல்போனில் எப்படி ஒட்டுவாரோ அப்படியே மூச்சை அடக்கிக்கொண்டு மேல் மூலையில் வைத்தார்.

செல்போன் உள்ளங்கை அளவு. இதுவோ ஆள் பாதி உயரம். மேல் மூலை ஒட்டிக்கொண்டதும் கீழ்ப் பாதி காற்றில் திரும்பித் தன்னோடு தானே ஒட்டிக்கொண்டது. அதைப் பிரிப்பதற்குள் நடுப்பகுதி கண்ணாடியைக் கோணலாகப் பிடித்துக்கொண்டது. இழுத்தால் வரவில்லை. மின்விசிறி வேறு ஓடிக்கொண்டிருந்ததால் தலைமுடி, பஞ்சு, ஒரு கொசு எல்லாம் உள்ளே சிக்கின. நான் காபித்தூள் கேட்டுப் போனபோது அக்கா இரண்டு கையையும் ஜன்னலில் பரப்பி அழுத்தியபடி நின்றுகொண்டிருந்தார். விட்டால் விழுந்துவிடும் என்பதுபோல.

பாய்க்குச் சிரிப்பு தாங்கவில்லை. "இன்னாமே, ஜன்னலுக்கு ஜிப்பா தச்சிப் போட்டுக்கீற? தொளதொளன்னு கீது!"

அக்கா கையை எடுத்தார். ஃபிலிம் பாதி உரிந்து தொங்கியது. சுவர் ஓரமாகப் போய் முதுகைக் காட்டி உட்கார்ந்துகொண்டார். நான் காபித்தூள் கேட்காமலே இறங்கி வந்துவிட்டேன்.

அதற்குப் பிறகு நடந்ததைப் பாய் எனக்குப் பின்னாளில் சொன்னார். சாயங்காலம் பேச்சைப் பாய்தான் ஆரம்பித்திருக்கிறார். "நான் சிரிச்சிருக்கக் கூடாது. தப்புதான்."

"நீங்க சிரிச்சதுக்கு இல்லீங்க."

"பின்ன இன்னா?"

"அன்னிக்கி நீங்க கண்ணாடிக்கு நடுவுல கையக் கால ஆட்டாம படுத்துகினு கீறீங்க. நான் அங்க குந்திகினு எவனோ ஒருத்தன் போனுக்கு கீறல் வுழக் கூடாதுன்னு ஒட்டிகினு கீறேன். ஊருக்கெல்லாம் ஒட்டறேன், என் வூட்டுக்கு ஒட்டத் தெரியல."

சொல்லிவிட்டு அழுதாராம். இருபத்தைந்து வருடத்தில் பாய் பார்த்த மூன்றாவது அழுகை என்று எனக்குக் கணக்குச் சொன்னார். எழுந்துபோய்ப் பக்கத்தில் உட்கார முடியாத தன் இடுப்பை அன்றைக்குத்தான் வைதாராம். "கிட்ட வாமே" என்று மட்டும் சொல்லியிருக்கிறார். அக்கா நகர்ந்து வந்து கட்டில் காலில் சாய்ந்துகொண்டார். பாய் அவர் தலையில் ஒட்டியிருந்த ஃபிலிம் துணுக்கை எடுத்துப் போட்டிருக்கிறார்.

மறுநாள் அக்கா தாமஸ் கடைக்குப் போய், கௌரவம் பார்க்காமல் கேட்டார். "எப்டிடா ஒட்றது?"

"தண்ணி அட்ச்சி ஒட்டணும்க்கா."

"தண்ணியா? தண்ணி பட்டா செத்துடும்டா!"

"ஜன்னலுக்கு இன்னா பேட்டரியா கீது?"

அக்காவே சிரித்துவிட்டார். பதினோரு வருடப் பழக்கம், ஈரம் என்றாலே கை பின்வாங்கியது. தாமஸ் பொறுமையாகச் சொல்லிக்கொடுத்தான். ஷாம்பு சில சொட்டு கலந்த தண்ணீரைக் கண்ணாடியிலும் அடிக்கவேண்டும், ஃபிலிமின் பசைப் பக்கத்திலும் அடிக்கவேண்டும். ஈரமாக இருக்கும்வரை ஃபிலிம் வழுக்கும், வேண்டிய இடத்துக்கு நகர்த்தலாம். சரியாக உட்கார்ந்த பிறகு நடுவிலிருந்து ஓரத்துக்கு ரப்பர் கட்டையால் இழுத்துத் தண்ணீரை வெளியேற்றவேண்டும். கடைசியாக, ஓரங்களைச் சட்டத்தோடு சேர்த்து சிலிக்கான் பசையால் பூசிவிட்டால், உடைந்த கண்ணாடி மொத்தமாகக் கழன்று விழாது.

"ஆனா இதுக்கு ரெண்டு ஆள் ஓணும்க்கா. ஒருத்தர் புடிக்கணும், ஒருத்தர் தண்ணி அடிக்கணும்."

"ஆள் கீது" என்று சொல்லி, புது ஃபிலிம் ஒன்றை வாங்கிக்கொண்டு வந்தார் அக்கா.

அடுத்த செவ்வாய்க்கிழமை. மின்விசிறியை நிறுத்தினார்கள். பாயின் முதுகுக்குப் பின்னால் மூன்று தலையணை, மடியில் பிளாஸ்டிக் விரிப்பு, கையில் தண்ணீர் அடிக்கிற பாட்டில். போன வாரத்து ஃபிலிமை ஊறவைத்து உரித்து, பிளேடால் சுரண்டிப் பிசினை எடுப்பதற்கே காலை முழுக்கப் போயிற்று. எனக்கு அன்று விடுமுறை என்பதால் தாளைப் பிரித்துத் தர நின்றேன். ஒன்றோடொன்று ஒட்டிக்கிடக்கிற தாளையும் ஃபிலிமையும் பிரிக்க அக்கா ஒரு வழி கண்டுபிடித்திருந்தார். மூலையில் முன்னும் பின்னும் ஒவ்வொரு டேப் துண்டு ஒட்டி எதிரெதிராக இழுத்தால் பிரிந்துவிடும்.

"அடிங்க" என்றார் அக்கா. பாய் அடித்தார். "இன்னும் அடிங்க. ஒயுங்கா அடிங்க, மூலைல படல."

"முப்பது வருசம் ஹார்பர்ல ஓவர்சீயர் கூட என்ன இப்டி வெரட்டல."

"பேசாதீங்க. அடிங்க."

ஃபிலிம் கண்ணாடியில் உட்கார்ந்தது. கோணலாகத்தான் உட்கார்ந்தது. அக்காவின் முகம் போன வாரம் போலவே இறுகியது. பிறகு இரண்டு உள்ளங்கையாலும் மெதுவாகத் தள்ளிப் பார்த்தார். நகர்ந்தது. இன்னும் கொஞ்சம் தள்ளினார். நேராக வந்து நின்றது. அக்கா திரும்பி எங்களைப் பார்த்தார். அந்த முகத்தை எப்படிச் சொல்வதென்று தெரியவில்லை. தவறு செய்தாலும் திருத்திக்கொள்ள நேரம் கொடுக்கிற ஒரு பொருளை அவர் முதல்முறையாகத் தொட்டிருந்தார். அன்று அவர் மூச்சை அடக்கவே இல்லை. ரப்பர் கட்டையை இழுத்துக்கொண்டே பாயோடு சண்டை போட்டார், என்னிடம் தேநீர் போடச் சொன்னார், ஒரு பாட்டைக்கூட முணுமுணுத்தார். ஓரத்தில் ஒரு அட்டைக் கனத்துக்கு இடைவெளி விட்டு வெட்டினார். நன்றாகத் துடைத்துக் காயவிட்டு, மறுநாள் காலையில் சிலிக்கானைப் பூசினார்.

ஆனால் ஒட்டியதிலிருந்தே ஜன்னல் பால் ஊற்றியதுபோல மங்கித்தான் கிடந்தது. தண்ணீர்க் குமிழ்கள் வேறு. கப்பல்கள் புகைக்குள் போய்விட்டன.

"ஜன்னலுக்குக் கண்புரை வந்துடுச்சிமே" என்றார் பாய்.

ஈரம் முழுக்கக் காய மூன்று வாரம் ஆகும், அதுவரை தொடவே கூடாது என்று தாமஸ் சொல்லியிருந்தான். அக்காவுக்கு நம்பிக்கை வரவில்லை. தினமும் கடையிலிருந்து வந்ததும் விரல் நுனியால் ஒரு குமிழைத் தொடப் போவார், பாய் அதட்டுவார். "கை வெச்சே, கத்துவேன்." எட்டாவது நாள் ஒரு மூலை தெளிந்தது. பாய் கழுத்தை வளைத்து அந்த மூலை வழியாக ஒரு கப்பலின் பின்பகுதியை மட்டும் பார்த்து, முன்பகுதி எப்படி இருக்கும் என்று இரவுச் சாப்பாடு முடியும்வரை விளக்கினாராம். அக்டோபர் ஆரம்பத்தில் ஜன்னல் மொத்தமும் தெளிந்துவிட்டது. ஃபிலிம் இருப்பதே தெரியவில்லை.

டிசம்பர் முதல் வாரத்தில் புயல் கரைக்கு அருகே வந்து நின்றது. இரண்டு நாளாக மழை. மூன்றாம் நாள் காலை மழை சற்று ஓய்ந்ததை நம்பி, கடைக்குள் தண்ணீர் புகுந்து சரக்கு வீணாகிவிடக் கூடாதே என்று அக்கா எம்.சி. ரோட்டுக்குப் போனார். பெட்டிகளை மேலே ஏற்றி வைத்துவிட்டுத் திரும்புவதற்குள் காற்று மறுபடியும் எழுந்தது. ஆட்டோ கிடையாது. போனில் சிக்னல் கிடையாது. கல்மண்டபத்தில் முழங்காலுக்கு மேல் தண்ணீர். நான் அலுவலகத்தில் மாட்டிக்கொண்டேன். சவரிநாதன் அண்ணன் தன் வீட்டுக்குள் புகுந்த தண்ணீரோடு போராடிக்கொண்டிருந்தார். மாடியில் பாய் தனியாக.

பதினோரு மணி வாக்கில் எதிர் மாடியின் தகரக் கூரையே பிய்த்துக்கொண்டு வந்தது. ஒரு முனை ஜன்னலின் நடுவில் மோதிவிட்டுக் கீழே போயிற்று. பாய் முகத்தைக் கையால் மூடிக்கொண்டார். சத்தம் கேட்டது. ஒன்றும் விழவில்லை. விரல் இடுக்கு வழியாகப் பார்த்தபோது கண்ணாடி முழுக்க வெடிப்பு ஓடியிருந்தது. ஆயிரம் துண்டாகியும் அத்தனையும் இருந்த இடத்திலேயே நின்றன. காற்று வேகமாக அடிக்கும்போது அந்தப் பரப்பு லேசாக உள்ளே உப்பி மறுபடியும் அடங்கியது. ஓரத்துச் சிலிக்கான் விடவில்லை.

பாய் என்ன செய்தார் தெரியுமா? அக்கா வந்து பயப்படக் கூடாது என்று ஒரு காரியம் செய்தார். ஃபிளாஸ்கில் இருந்த தேநீரை இரண்டு டம்ளரில் ஊற்றிப் பக்கத்து ஸ்டூலில் வைத்துக்கொண்டு, தலையை வாரிக்கொண்டு, உட்கார்ந்திருந்தார்.

அக்கா இடுப்பு வரை சேறோடு வந்து கதவைத் திறந்தார். முதலில் ஜன்னலைப் பார்த்தார். பிறகு கட்டிலைப் பார்த்தார். படுக்கை விரிப்பைத் தடவினார். தலையணையைத் தடவினார். பாயின் கழுத்தை, மார்பை, இரண்டு கையையும் தடவினார்.

"காஞ்சி கீது" என்றார்.

"நீதான் நனஞ்சிகினு நிக்கற. டீயக் குடி" என்றார் பாய்.

புயல் போன பிறகு தாமஸ் வந்து உடைந்த கண்ணாடியை ஒரே விரிப்பாகச் சட்டத்திலிருந்து அறுத்து எடுத்தான். சவரிநாதன் அண்ணன் அதை வாங்கிக் கூடத்துச் சுவரில் சாய்த்து வைத்து, வருகிறவர்களிடமெல்லாம் காட்டினார். "என் வூட்டு ஜன்னலு. ஒட்னது எங்க தங்கச்சி." தகரம் அடிக்கச் சொன்னது யார் என்பதை அவரும் சொல்லவில்லை, நாங்களும் நினைவூட்டவில்லை. அடுத்த மாதமே தன் வீட்டு ஜன்னல்களுக்கும் ஒட்டச் சொன்னார். பிறகு ராயபுரத்தில் அவர் உறவுக்காரர்கள் வீடு, தெருமுனை பால்வாடி. செவ்வாய்க்கிழமைகளில் அக்கா இப்போது இதற்குத்தான் போகிறார்.

பிப்ரவரியில் பாய் வாக்கரைப் பிடித்து நடக்க ஆரம்பித்தார். துறைமுக வேலைக்கு இனிப் போக முடியாது என்று டாக்டர் சொல்லிவிட்டார். அதைக் கேட்ட மூன்றாவது நாள் பாய் அக்காவிடம், "தண்ணி அடிக்க உனக்கு ஆள் ஓணும்ல?" என்று கேட்டிருக்கிறார்.

போன மாதம் கத்திவாக்கத்தில் ஒரு மீனவர் வீட்டிலிருந்து கூப்பிட்டிருந்தார்கள். இருவரும் ராயபுரம் ஸ்டேஷனில் ரயிலேறினார்கள். விழுந்ததற்குப் பிறகு பாய் ஏறிய முதல் ரயில். அங்கே இவர் ஸ்டூலில் உட்கார்ந்து தண்ணீர் அடிக்க, அக்கா நான்கு ஜன்னல்களை முடித்தார். வீட்டுக்காரர்கள் இறால் வறுத்துச் சோறு போட்டு அனுப்பினார்கள். திரும்பும்போது வண்டியில் கூட்டம். வாக்கரைப் பார்த்துவிட்டு யாரோ எழுந்து பாய்க்கு இடம் கொடுத்தார்கள். அக்கா வாளியும் ரப்பர் கட்டையுமாக நின்றுகொண்டு வந்தார். திருவொற்றியூர் தாண்டியதும் பாய் தன் நல்ல இடுப்புப் பக்கமாக ஒதுங்கி, பலகையில் ஒரு சாண் இடம் உண்டாக்கி, அதைக் கையால் தட்டிக் காட்டினார்.

"அவ்ளோ எடத்துல எப்டிங்க குந்தறது?"

"குந்துமே. நவுந்துக்கலாம்."

அக்கா வாளியை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்தார்.